பதினொரு வீடுகளில் நின்ற மச்சாள்

வெள்ளாங்குளத்தில் ஒரு வீட்டு முற்றத்தில் பன்னிரண்டு பேரை இரண்டு வரிசையாக நிறுத்திவிட்டு, நடுவில் ஓர் ஆள் நிற்கக்கூடிய வெறும் இடத்தைப் பார்த்தபடி நான் முழித்துக்கொண்டு நின்ற அந்தக் காலைப்பொழுது இன்றைக்கும் நன்றாக நினைவிருக்கிறது. வீட்டுக்கார ஐயாவுக்கும் அம்மாவுக்கும் அன்று ஐம்பதாவது கலியாண நாள். சுவிசில் இருந்த மூத்த மகளைத் தவிர மற்றப் பிள்ளைகள் எல்லாரும் வந்திருந்தார்கள். அவளையும் படத்தில் சேர்த்துவிட வேண்டும் என்பது அம்மாவின் ஆசை. சேர்ப்பது எனக்குப் பெரிய வேலை இல்லை, அதுதான் என் தொழில். ஆனால் மகள் அனுப்பிய படங்கள் எல்லாவற்றிலும் கழுத்துவரை பனிக்கோட்டு போட்டிருந்தாள். மன்னார் வெயிலில் பனிக்கோட்டோடு ஒருத்தியை நிறுத்தினால் கழுதையும் நின்று பார்த்துச் சிரிக்கும். தலை இருக்கிறது, உடம்பு இல்லை. சுற்றுமுற்றும் பார்த்தேன். எனக்கு வெளிச்சம் பிடிக்க வந்திருந்த மச்சாள் வெள்ளைக் குடையைத் தூக்கிப் பிடித்தபடி கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தாள்.

"மச்சாள், குடையை ஆரிட்டையாவது குடுத்திட்டு ஓடி வாரும். அஞ்சு நிமிசத்துக்கு நீர்தான் இவையின்ர மூத்த மகள்."

மச்சாள் என் மனைவியின் கடைசித் தங்கை. உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு, முடிவு வந்து மேலே படிக்க இடம் கிடைக்கும்வரை வீட்டில் சும்மா இருக்கப் பிடிக்காமல், மன்னார் நகரத்தில் இருந்த என் ஸ்டூடியோவுக்கு வந்துகொண்டிருந்தாள். வாய் ஓயாது. எதைச் செய்யச் சொன்னாலும் முதலில் ஏன் என்று ஒரு கேள்வி. அன்றும் அப்படித்தான். அம்மா அலுமாரியைத் திறந்து மகளின் பழைய சேலை ஒன்றை எடுத்துக் கொடுக்க, அதை உடுத்திக்கொண்டு வந்தவள் நேரே போய் இடத்தில் நிற்க வேண்டியதுதானே! அம்மாவின் பக்கம் திரும்பி, "அம்மா, உங்கட மகள் படத்துக்கு எப்பிடி நிக்கிறவ?" என்று கேட்டாள். அம்மா கொஞ்ச நேரம் யோசித்தார். "அவள் நேரா நிக்க மாட்டாள் பிள்ளை. ஒரு காலில பாரம் போட்டு, முந்தானையை விரலில சுத்திக்கொண்டு நிப்பாள். எத்தினை தரம் ஏசியிருப்பன்" என்றார். மச்சாள் ஒரு காலில் பாரத்தைப் போட்டாள், முந்தானையை விரலில் சுற்றினாள். ஐயா பக்கத்திலிருந்து திரும்பிப் பார்த்துவிட்டு, "ஐயோ மாதாவே, அவளேதான்!" என்று கத்திவிட்டார். பன்னிரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் நான் ஒழுங்குபடுத்திய வரிசை குலைந்து போயிற்று.

எனக்கு எரிச்சல். "தலைதானே மாறப்போகுது. ஆர் எப்பிடி நிண்டா என்ன?" என்று திரும்பி வரும் வழியில் ஏசினேன். அவள் ஜீப்பின் ஜன்னலால் வெளியே பார்த்தபடி, "தலை போனாலும் ஆள் நிக்கோணும் அத்தான்" என்றாள். நான் கியரை மாற்றினேன்.

அந்தப் படத்தைப் பார்த்தவர்கள் எங்களைத் தேடி வரத் தொடங்கினார்கள். எங்கள் பக்கத்தில் வெளிநாட்டில் ஆள் இல்லாத வீடு குறைவு. பெருநாள், பிறந்தநாள், பிள்ளைகளுக்கு முதல் நன்மை கொடுக்கிற நாள், எதற்குக் குடும்பப் படம் எடுத்தாலும் யாரோ ஒருவருக்கு லீவு கிடைக்காது, யாரோ ஒருவருக்கு விசா சரிவராது. முன்பெல்லாம் கடையில் நிற்கிற யாரையாவது நிறுத்திச் சமாளிப்பேன். இப்போது வருகிறவர்கள், "அந்த நிக்கிற பிள்ளையும் வருமோ?" என்று கேட்டுவிட்டுத்தான் நாளைக் குறித்தார்கள். காமராக்காரனை ஒருவரும் விசாரிக்கவில்லை. கொஞ்சம் வயிறெரிந்தது உண்மைதான்.

பெரியமடுவில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் கட்டாரில் இருந்த மகனுக்காக நிற்க வேண்டியிருந்தது. ஆண்பிள்ளை ஒருவனைப் பிடித்து நிறுத்துவோம் என்று நான் சொன்னேன். ஆனால் அயலில் இருந்த பெடியன்கள் எல்லாரும் ஒன்றில் நெடுப்பம், இல்லாவிட்டால் கட்டை. மகனின் உயரம் சொல்லிவைத்தது போல மச்சாளின் உயரம். வாப்பா முதலில் முகத்தைச் சுளித்தார். உம்மாதான், "பரவாயில்ல, தலை எங்கட மகன்ட தலதானே" என்று சேர்ட்டையும் சாரத்தையும் கொண்டுவந்து நீட்டினார். மச்சாள் வழக்கம்போல விசாரணையைத் தொடங்கினாள். மகன் கையைக் கட்டுவாரா, பின்னால் வைப்பாரா? சாரத்தை மடித்துக் கட்டுவாரா? வாப்பாவுக்குப் பக்கத்தில் என்றால் கொஞ்சம் பயந்து நிற்பாரா? கடைசிக் கேள்விக்கு உம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். மச்சாள் கைகளைப் பின்னால் கட்டி, வாப்பாவிடமிருந்து அரை அடி தள்ளி நின்றாள். படம் எடுத்து முடிந்ததும் வாப்பா அவளைப் பார்த்து, "கிட்ட வந்து நிண்டிருக்கலாம் மகன்" என்றார். சொன்ன பிறகுதான் யாரிடம் சொல்கிறோம் என்று உறைத்திருக்க வேண்டும். அவரே முதலில் சிரித்தார்.

இப்படி இரண்டு வருடத்தில் பதினொரு வீடு. பிறகு மச்சாளுக்கு நுண்கலை படிக்க இடம் கிடைத்தது, போய்விட்டாள். டிராயிங் கீறப் படிக்கிறாள் என்றுதான் நாங்கள் நினைத்தோம். இரண்டாம் வருட லீவில் வந்தவள், ஒரு வெறும் படச் சட்டத்துக்குள் முகத்தை விட்டு, அதை இரண்டு கையாலும் பிடித்தபடி பஸ் நிலையத்திலிருந்து பாலம்வரை பேசாமல் நடந்தாள். கூட்டாளி ஒருத்தி பின்னால் வீடியோ எடுத்துக்கொண்டு போனாள். தங்களுக்கு ஏதோ தின்னக் கொண்டுபோகிறாள் என்று நினைத்தோ என்னவோ, பஜாரில் நின்ற நாலைந்து கழுதைகளும் சேர்ந்து நடந்தன. மறுநாள் கோயிலில் என் மனைவியை ஒருவர் மறித்து, "தங்கச்சிக்கு ஏதும் சுகமில்லையோ?" என்று இரகசியமாகக் கேட்டாராம். இப்போது அவள் நிகழ்த்துகலைக் கலைஞர், தன் உடம்பையே வைத்துச் செய்கிற கலை. வீடியோவும் செய்கிறாள், பல நாடுகளுக்கும் போகிறாள். அங்கே என்ன செய்கிறாள் என்று யாராவது என்னைக் கேட்டால், "நிக்கிறா. அதுக்குப் பிளேன் ரிக்கற் போட்டுக் கூப்பிடுகினம்" என்பேன். பகிடிக்குச் சொல்வதுதான், ஆனால் பொய் இல்லை. கைபேசியே இன்று உடம்பையும் தலையையும் சேர்த்துச் செய்து தந்துவிடுகிறது. என் கடைக்கு இப்போது அந்த வேலை வருவதில்லை.

படிப்பு முடிகிற வருடத்தில் ஒருநாள் அவள் ஸ்டூடியோவுக்கு வந்து, கதிரையை இழுத்துப் போட்டு எனக்கு முன்னால் அமர்ந்தாள். வாய் ஓயாதவள் சத்தம் போடாமல் இருந்ததுமே வில்லங்கம் வருகிறது என்று விளங்கிவிட்டது.

"அத்தான், நான் நிண்ட படங்கள் எனக்கு வேணும். நீங்கள் தலை மாத்த முந்தின படங்கள். பதினொண்டும்."

அந்தப் படங்களைப் பெரிய திரையில் ஒவ்வொன்றாகக் காட்டி, அதே சேலையிலும் சாரத்திலும் தன் சொந்த முகத்தோடு மறுபடி நின்று அவள் ஒரு வீடியோ செய்யப்போகிறாளாம். எங்கே காட்டுவீர் என்றேன். மன்னாரில் என்றாள். அந்தப் படங்கள் அந்தந்த வீட்டு முன்னறைகளில் தொங்குகின்றன. நடுவில் நின்றது யாருடைய உடம்பு என்று வீட்டாருக்குத் தெரியும். சம்பந்தி வீட்டுக்குத் தெரியாது, அயலுக்குத் தெரியாது. "பெரியவன் ஒரு கிழமை வந்திட்டுப் போனவன்" என்று நாலு பேருக்குச் சொல்லி வைத்த வீடும் அதில் உண்டு. ஊர் பார்க்கிற இடத்தில் கொண்டுபோய் இந்தப் படத்தைப் போட்டால் அந்த வீடுகளின் மானம் என்னாவது? என் கடையை நம்பி இனி யார் வாசற்படி ஏறுவார்கள்? இருபத்தைந்து வருடமாகக் கட்டிய பெயர். மாட்டேன் என்றேன்.

"பதினொரு வீட்டுச் சுவரில நான் தொங்கிறன், அத்தான். என்ர கை, என்ர தோள், என்ர கால். அந்தச் சேலைகளுக்குள்ள மூச்சைப் பிடிச்சுக்கொண்டு நிண்டது நான். ஒரு வீட்டிலயாவது நான் இருக்கிறனோ?"

"நீர் இருக்கக்கூடாது எண்டதுதானே தொழில்!"

"அது உங்கட தொழில். நான் என்ர தொழிலைக் கதைக்கிறன்."

கொழும்பில் காட்டலாமே, அங்கே ஒருவருக்கும் இவர்களைத் தெரியாது என்று ஒரு வழி சொன்னேன். தலையை ஆட்டினாள். "கொழும்பில அது ஆரோ ஒரு பெட்டையின்ர படம். இஞ்ச காட்டினாத்தான் அது நான்" என்றாள். குரல் கொஞ்சம் உடைந்தது. அப்படி உடைந்து நான் கேட்டதில்லை. இருந்தாலும் நான் இறங்கி வரவில்லை. அதன் பிறகு மூன்று நாள் என் வீட்டில் சாப்பாடு மேசைக்கு வந்தது, கதை வரவில்லை. மனைவி தங்கையின் பக்கம்.

நாலாம் நாள் எனக்கு ஒரு நரிப் புத்தி தோன்றியது. பதினொரு வீட்டுக்கும் போய்க் கேட்போம். எல்லாரும் ஓம் என்றால் படங்களைத் தருகிறேன். ஒரு வீடு மாட்டோம் என்றாலும் ஒரு படமும் இல்லை. மச்சாள் யோசிக்கக்கூட இல்லை, "சரி" என்று கையை நீட்டினாள். எனக்கு உள்ளுக்குள் சிரிப்பு. ஏனென்றால் அந்தப் பதினொன்றில் ஒன்று பேசாலை ரீச்சர் வீடு. ஓய்வுபெற்ற ஆசிரியை. கோயிலில் ஞாயிறு பூசையில் சுவாமியாரின் பிரசங்கம் நீண்டுவிட்டால் கையைத் திருப்பி மணிக்கூட்டைப் பார்க்கிற ஒரே ஆள். அவர் இதற்கெல்லாம் மசிவார் என்று யார் நினைப்பார்கள்? அந்த வீட்டைக் கடைசிக்கு வைத்துக்கொண்டேன்.

முதலில் வெள்ளாங்குளம். அம்மா எங்களைக் கண்டதும் மச்சாளின் கையைப் பிடித்துக்கொண்டார். "மகள் போன வருசம் வந்து போனவள் பிள்ளை. உம்மைப் போல நிக்கத் தெரியேல்லை அவளுக்கு. உடம்பு மொத்திச்சுப் போச்சு, ஒரு காலில பாரம் போடவும் ஏலாது" என்று சொல்லி, என்ன கேட்கிறோம் என்பதை முழுக்கக் கேட்காமலே ஓம் என்றுவிட்டார். பெரியமடு வாப்பாவுக்கு ஒரேயொரு நிபந்தனை. சாரம் தன் மகனுடையது என்பதைப் படத்தில் எங்காவது எழுத வேண்டும். மகன் வந்து போனதாக ஊருக்குச் சொல்லி வைத்த வீடு தலைமன்னாரில் இருந்தது. அங்கே நான் தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னேன். அந்த வீட்டு அக்கா என்னைப் பைத்தியக்காரனைப் பார்ப்பது போலப் பார்த்தார். "எங்கட பெரியவனையோ காட்டப்போறீங்கள்? இந்தப் பிள்ளை தன்னைத்தானே காட்டப்போகுது. அதுக்கு நாங்கள் என்ன சொல்லுறது?" என்றார். மூன்று நாள் நித்திரை இல்லாமல் நான் கிடந்து யோசித்த விஷயம் அவருக்கு அரை நிமிடத்தில் தீர்ந்துவிட்டது.

பத்து வீடு முடிந்தது. பத்தும் ஓம். பேசாலைக்குப் போகிற வழியில் மச்சாள் மடியில் இருந்த பையின் வாரைத் திருகிக்கொண்டே இருந்தாள். ரீச்சர் மாட்டேன் என்றால் அவளுடைய படிப்பின் கடைசி வருட வேலை அதோடு சரி. பக்கத்தில் இருந்து அவளைப் பார்க்கப் பார்க்க, நான் வைத்த நிபந்தனை எனக்கே கசக்கத் தொடங்கியது. வாகனத்தைத் திருப்பிவிடலாமா என்றுகூட நினைத்தேன். வாய்விட்டுச் சொல்ல வெட்கமாக இருந்தது.

ரீச்சர் எங்களை முன்னறையில் இருத்தினார். நான் செருமிக்கொண்டு தொடங்கினேன். பாதி சொல்லியிருப்பேன், மச்சாள் என் தலைக்கு மேலே சுவரைப் பார்த்தபடி இருப்பது தெரிந்தது. வாய் கொஞ்சம் திறந்திருந்தது. திரும்பிப் பார்த்தேன்.

நாலு வருடத்துக்கு முன் ரீச்சரின் எழுபதாவது பிறந்தநாளுக்கு எடுத்த படம். நடுவில் ரீச்சர், சுற்றிவர மூன்று மகன்மார், மருமக்கள், பேரப்பிள்ளைகள். படத்தில் ரீச்சருக்கு வலது பக்கமாக, அவர் தோளில் கை வைத்தபடி, கனடாவில் இருக்கிற மகள் நிற்க வேண்டும். அங்கே நின்றது மச்சாள். அவளுடைய கை மட்டுமில்லை, அவளுடைய முகம், அவளுடைய சிரிப்பு, மூக்கில் மின்னிய வியர்வைகூட அவளுடையதுதான்.

அந்தப் படம் அச்சடித்த கிழமை மடு மாதா கோயில் பெருநாள், மூன்று கலியாண வீடு வேறு. தலை மாற்றிய படமும் மாற்றாத படமும் பக்கத்தில் பக்கத்தில் இருந்திருக்கும். மாற்றாததை அச்சடித்து, சட்டம் போட்டு, கடதாசி சுற்றி, பேசாலை பஸ்ஸில் நானே என் கையால் ஏற்றி அனுப்பியிருக்கிறேன். நாலு வருடம்!

"ரீச்சர்... இது பிழையான படம்."

"தெரியும்."

"தெரிஞ்சும் ஏன் ஒரு சொல் சொல்லேல்லை?"

"சொன்னா நீர் மாத்திப்போடுவீரே, தம்பி" என்றார் ரீச்சர். பாடம் சொல்கிற குரல். "நீர் அவளின்ர தலையை ஒட்டித் தந்திருந்தா, அவள் கனடாவில இருந்துகொண்டே வந்த ஆளாயிடுவாள். எனக்கும் வந்தவள் மாதிரி மனம் ஆறிப்போகும். நான் ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை போனை இந்தப் படத்துக்கு முன்னால பிடிச்சு, 'பார், இதில நீ இல்லை. வந்து நில், எடுப்பம்' எண்டு சொல்லுறனான். நாலு வருசம் சொன்னன். இப்ப பெருநாளுக்கு வர ரிக்கற் போட்டிட்டாள்."

மச்சாள் மெதுவாகக் கேட்டாள். "வாற ஆக்கள் நான் ஆர் எண்டு கேக்கிறேல்லையோ, ரீச்சர்?"

"கேக்காமல்? என்ர எழுபதாவது பிறந்தநாளுக்கு வந்து எனக்குப் பக்கத்தில நிண்ட பிள்ளை எண்டு சொல்லுவன். பொய்யோ அது?"

நான் எப்படியோ கதையை முடித்தேன். மச்சாளின் வீடியோவில் இந்தப் படமும் வரும், ஊரார் பார்ப்பார்கள், ரீச்சருக்கு விருப்பமில்லாவிட்டால் இப்போதே சொல்லிவிடலாம் என்றேன். ரீச்சர் கண்ணாடிக்கு மேலால் என்னைப் பார்த்தார். "என்னட்ட என்னத்தைக் கேக்கிறீர்? நான் நாலு வருசமாக் காட்டிக்கொண்டுதானே இருக்கிறன்."

மச்சாள் இமை கொட்டாமல் ஒரு மணித்தியாலம் அசையாமல் நிற்கக்கூடியவள், அதை எத்தனையோ பேர் பார்த்திருக்கிறார்கள். அன்று அவளால் கதிரையில் இருக்க முடியவில்லை. சிரித்தாள், சிரிக்கும்போதே கண்ணீர் ஓடியது, சேலைத் தலைப்பு இல்லாததால் என் லேஞ்சியைப் பறித்துத் துடைத்தாள். எனக்கும் கண் கலங்கியது. அந்தப் பிழையைத் தவிர என் தொழிலில் நான் செய்த நல்ல காரியம் வேறு இருக்கிறதா என்று தெரியவில்லை. படங்கள் பதினொன்றையும் அன்று பின்னேரமே அவளிடம் கொடுத்தேன். நகர மண்டபத்தில் வீடியோ ஓடிய மூன்று நாளும் அந்தப் பதினொரு வீட்டாரும் சொந்தபந்தங்களைக் கூட்டிக்கொண்டு வந்து, தங்கள் படம் வரும்போது கை தட்டினார்கள். என் கடைப் பெயரும் கெடவில்லை.

ஆனால் நாங்கள் அந்த வீட்டை விட்டு வெளிக்கிட முன் நடந்த ஒரு காரியம் இருக்கிறது. எழும்பி வாசலுக்கு வந்த எங்களை ரீச்சர் மறித்தார். "தம்பி, அந்தப் படத்தை ஒருக்காக் கழட்டும்." கழற்றித் திருப்பினேன். பின்பக்கத்து மட்டையில், படத்தில் நின்றவர்கள் எல்லாருடைய பெயரும் இடமிருந்து வலமாக, ரீச்சரின் குண்டு எழுத்தில் வரிசையாக எழுதியிருந்தது. ரீச்சரின் பெயருக்கு அடுத்ததாக ஓர் இடம் வெறுமையாகக் கிடந்தது.

"உம்மட பேர் எனக்குத் தெரியாது பிள்ளை. அண்டைக்குக் கேக்க மறந்துபோனன்" என்று பேனாவை நீட்டினார்.

மச்சாள் சட்டத்தை மேசையில் வைத்து, குனிந்து, தன் பெயரை எழுதினாள். ஞானஸ்நானப் பெயர், அப்பாவின் பெயர், ஒன்றும் விடாமல் முழுப் பெயர். ரீச்சர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு அதை வாசித்தார்.

"இன்னும் கொஞ்சம் பெரிசா எழுதியிருக்கலாம்" என்றார்.